தம்பி சொன்னா சரி

ராஜியான வழக்கு வக்கீலின் மனதில் அதிக நாள் நிற்காது. இந்தப் பாகப்பிரிவினை வழக்கு மட்டும் ஏனோ போக மறுக்கிறது.

அண்ணன் மீது தங்கை போட்ட வழக்கு. நான் தங்கை தரப்பு. பூர்வீகச் சொத்தில் மகளுக்கும் சம பங்கு தந்த 2005 சட்டத் திருத்தத்துக்கு முன்பே அப்பா இறந்துவிட்டார் என்பதைத்தான் எதிர்த்தரப்பு பிடித்துக்கொண்டிருந்தது. மகளுக்குப் பங்கு கிடைக்க அப்பா அன்று உயிரோடு இருந்திருக்க வேண்டியதில்லை என்று 2020-ல் வினீதா ஷர்மா வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னபின் அந்த வாதத்துக்கு உயிரில்லை. அப்புறம்தான் சமரசப் பேச்சே வந்தது. பங்கை விட்டுக்கொடுத்தால் மொத்தமாக ஒரு தொகை தருகிறோம் என்றார்கள். சந்தை மதிப்பைவிடக் குறைவுதான். ஆனால் முதல்நிலைத் தீர்ப்பாணை வாங்கி, கமிஷனர் அளந்து, இறுதித் தீர்ப்பாணை வந்து, அதை நிறைவேற்றும் மனுவும் போட்டுக் கையில் பங்கு வர எத்தனை வருடம் ஆகும் என்பது எனக்குத் தெரியும். ராஜியானால் கோர்ட்டுக் கட்டணமும் திரும்பக் கிடைக்கும். ஒத்துக்கொள்ளலாம் என்றேன். இன்றும் அதையேதான் சொல்வேன்.

வழக்குகளைச் சமரசமாக முடித்துவைக்கும் மக்கள் நீதிமன்றத்துக்குப் போகும் முன் அந்த அம்மா கேட்டார்: "இப்படி முடிச்சுக்கிட்டா அண்ணன் வீட்டு விசேஷத்துக்குக் கூப்பிடுவாங்கல்ல தம்பி?"

"அதெல்லாம் உள்ளே பேசாதீங்கம்மா" என்றேன்.

உள்ளே நீதிபதி, "மனசார ஒத்துக்கிட்டுத்தான் கையெழுத்துப் போடுறீங்களாம்மா?" என்று கேட்டார். அந்த அம்மா அண்ணன் பக்கம் திரும்பினார், பிறகு என்னைப் பார்த்தார். "வக்கீல் தம்பி சொன்னா சரிங்கய்யா."

நீதிபதி கேட்டது சம்பிரதாயம் இல்லை. சட்டப்பணிகள் ஆணைக்குழு சட்டத்தின் 21-ஆம் பிரிவுப்படி அங்கே தரும் தீர்வு சிவில் நீதிமன்றத் தீர்ப்பாணைக்குச் சமம், மேல்முறையீடு கிடையாது. மிகக் குறுகிய காரணங்களுக்காக உயர் நீதிமன்றத்தில் ரிட் போடலாம், அவ்வளவுதான். 'வக்கீல் சொன்னார், கையெழுத்துப் போட்டேன்' என்பதை வைத்து அங்கே போய் நிற்க முடியாது. இதை அவருக்கு முன்பே விளக்கியிருந்தேன். புரிந்தது என்றுதான் சொன்னார்.

நான் வாயை அடைத்ததற்குக் காரணம் இருக்கிறது. உறவு வேண்டும் என்று அவர் ஏங்குவது தெரிந்தால், எதிர்த்தரப்பு அதையே காட்டித் தொகையைக் குறைத்திருக்கும். பேரம் நடக்கும் இடத்தில் கட்சிக்காரரின் ஆசையை மறைப்பது என் வேலை. விசேஷத்துக்கு அழைக்க வேண்டும் என்று எந்தச் சமரச மனுவிலும் எழுதவும் முடியாது. எழுதினாலும் எந்த நீதிமன்றம் நிறைவேற்றித் தரும்?

இத்தனையும் சரிதான். ஆனாலும் அண்ணனும் தங்கையும் ஒரே மேஜையில் உட்கார்ந்தது அன்று ஒருநாள்தான். குறைந்த தொகைக்கு அவர் சம்மதித்ததே அந்தக் கேள்விக்காகத்தானோ என்று இப்போது தோன்றுகிறது. அப்படியானால் நான் காப்பாற்றிக் கொடுத்த தொகையை அவர் எந்தக் கணக்கில் வைத்திருப்பார்? வரைவோலையைக் கையில் கொடுத்தபோது தொகையைக்கூடப் பார்க்காமல் பையில் வைத்துக்கொண்டார். நம்பிக்கையால்தான் என்று அன்று எடுத்துக்கொண்டேன்.