பிடித்தம்: ஒரு ஜூலை மாத நாட்குறிப்பு

2025 ஜூலை 5, சனி

நேற்று சம்பளச் சீட்டு வந்தது. சீருடைக்கென்று மறுபடியும் ஒரு பிடித்தம். முதியோர் இல்லத்தில் வேலைக்குச் சேர்ந்த முதல் மூன்று மாதமும் இதே காரணம் சொல்லிப் பிடித்தார்கள், இது நான்காவது. தொகை பெரிதில்லை. ஆனாலும் ராத்திரி தூக்கம் வரவில்லை.

இன்று விடுப்பு. கிழக்கு லண்டனில், ஈஸ்ட் ஹாமில் டிஸ்ட்ரிக்ட் லைன் ரயில் ஏறி, ஐந்தாவது ஸ்டேஷனான போ ரோட்டில் இறங்கினேன். அங்கிருந்து ஃபேர்ஃபீல்ட் ரோடு பத்து நிமிட நடை. பிரையன்ட் அண்ட் மே தீப்பெட்டித் தொழிற்சாலை இருந்த செங்கல் கட்டடம் இன்று வேலி போட்ட அடுக்குமாடிக் குடியிருப்பு. 1888 ஜூலை 5 அன்று இந்த இடத்திலிருந்துதான் பெண்கள் வேலையைப் போட்டுவிட்டு வெளியே வந்தார்கள். கடைசியில் சுமார் 1,400 பேர். பலர் பதின்மூன்று பதினான்கு வயதுப் பிள்ளைகள். அந்த வேலைநிறுத்தத்தின் நினைவாக 2022இல் ஒரு நீல வட்டப் பலகை பதித்திருக்கிறார்கள். அதன் எதிரே வெகுநேரம் நின்றேன்.

சின்னப் பெண்ணுக்கு வாரம் 4 ஷில்லிங். கோடையில் காலை ஆறரைக்கு வேலை தொடங்கும், மாலை ஆறு வரை நின்றுகொண்டே செய்ய வேண்டும். கால் அழுக்காக இருந்தால் 3 பென்ஸ் அபராதம். ஒரு ஷில்லிங் என்பது 12 பென்ஸ். வாரக்கூலி 48 பென்ஸ். அதில் மூன்று போனால் பதினாறில் ஒரு பங்கு, எங்கள் ஆயா கணக்கில் ஒரு வீசம். கால் கழுவாததற்கு ஒரு வாரக்கூலியில் ஒரு வீசம்! அதே காலத்தில் பங்குதாரர்களுக்கு 20 சதவீதத்துக்கு மேல் ஆதாயம் போய்க்கொண்டிருந்தது.

திரும்பும் வழியில் போ தேவாலயத்தின் எதிரே, நடுச்சாலையில் கிளாட்ஸ்டன் சிலை. பிரதமருக்கு முதலாளி வைத்த சிலை அது. அதற்காகத் தங்கள் கூலியில் ஆளுக்கு ஒரு ஷில்லிங் பிடித்தார்கள் என்று அந்தப் பெண்கள் சொல்லியிருக்கிறார்கள். இன்றும் யாரோ அந்தச் சிலையின் கைகளுக்குச் சிவப்புச் சாயம் பூசிவைக்கிறார்கள். நான் பார்த்தபோதும் சிவப்பாகத்தான் இருந்தது.

ஜூலை 8, செவ்வாய்

இரவு ஷிஃப்ட். ஓய்வறையில் சாவகச்சேரி அக்காவிடம் தீப்பெட்டிப் பெண்களின் கதையைச் சொன்னேன். தேநீரைக் குடிக்காமல் கேட்டுக்கொண்டிருந்தார். பிறகு தன் பையிலிருந்து மடித்த சம்பளச் சீட்டை எடுத்து நீட்டினார்.

“இஞ்ச பாரும் பிள்ளை, எனக்கும் வெட்டியிருக்கினம். நான் இஞ்ச வந்து ஆறு வருசம். எனக்கென்ன புதுச் சீருடை?”

அவர் இதுவரை யாரிடமும் கேட்டதில்லையாம்.

ஜூலை 10, வியாழன்

அன்னி பெசன்ட். நான் பிறந்து வளர்ந்தது அடையாறு. பெசன்ட் நகர் போகும் பஸ்ஸில்தான் கல்லூரி போனேன். பாடப்புத்தகத்தில் அவர் வெள்ளைச் சேலை கட்டிய அம்மையார்: பிரம்ம ஞான சபை, தன்னாட்சி இயக்கம், 1917இல் காங்கிரஸ் தலைவர். தீப்பெட்டியைப் பற்றி எங்கள் வகுப்பில் ஒரு வரி வந்ததாக நினைவில்லை.

1888 ஜூனில், ஃபேபியன் சங்கம் என்ற சோஷலிஸ்ட் அமைப்பின் கூட்டமொன்றில் அந்தத் தொழிற்சாலையைப் பற்றிப் பேச்சு வந்தது. பெசன்ட் நேரே போ பகுதிக்குப் போனார், வேலை முடிந்து வெளியே வந்த பெண்களிடம் கேட்டார், அபராதப் பட்டியலைத் தன் பத்திரிகையில் அப்படியே அச்சிட்டார். கட்டுரைக்கு அவர் வைத்த தலைப்பு ‘லண்டனில் வெள்ளை அடிமைத்தனம்’. அதில் எழுதியது பொய் என்று கையெழுத்துப் போடச் சொல்லி நிர்வாகம் பெண்களிடம் தாளை நீட்டியது. அவர்கள் போடவில்லை. ஒருத்தியை வேலையை விட்டு நிறுத்தியதும் மற்றவர்கள் எழுந்து நடந்தார்கள்.

பெசன்ட் வேலைநிறுத்தம் செய்யச் சொல்லவே இல்லை. அந்தத் தீப்பெட்டியை வாங்காதீர்கள் என்று வாங்குகிறவர்களிடம்தான் கேட்டிருந்தார். வேலைநிறுத்தம் தொடங்கிய மறுநாள் சுமார் இருநூறு பெண்கள் ஃப்ளீட் ஸ்ட்ரீட் பக்கம் இருந்த அவர் அலுவலகத்துக்கே போய் நின்றபோது அவருக்கே திகைப்பு. அதற்குப் பிறகு அவர் பின்வாங்கவில்லை என்பதுதான் எனக்குப் பிடித்திருக்கிறது. நிதி திரட்டினார், கணக்கு எழுதினார், ஒரு குழுவை நாடாளுமன்றத்துக்குக் கூட்டிப் போனார்.

அவரை நான் குறைக்கவில்லை. அடையாற்றுப் பெண் நான், எப்படிக் குறைப்பேன்? ஆனால் முதலில் எழுந்து நடந்த காலடி அவருடையதில்லை. இதைச் சொல்லாவிட்டால் அந்தப் பெண்களின் கூலியில் நாமும் ஒரு வீசம் பிடித்தவர்களாவோம்.

ஜூலை 13, ஞாயிறு

காலையில் சர்ச் ரோடு முருகன் கோயில். அங்கிருந்து பஸ் பிடித்து பெக்டன். இத்தனை வருடமாக சாமான் வாங்கத்தான் அங்கே போயிருக்கிறேன். அங்கிருந்த எரிவாயு ஆலையில் உலை ஊட்டியவர் வில் தோர்ன். ஆறு வயதில் கயிறு திரிக்கப் போனவர். எழுதப் படிக்கத் தெரியாது. தீப்பெட்டிப் பெண்கள் ஜெயித்த அடுத்த வசந்தத்தில், 1889 மார்ச்சில், அவர் ஒரு சங்கம் தொடங்கினார். பன்னிரண்டு மணி நேர ஷிஃப்ட் எட்டு மணி நேரமானது. அவருடைய படிப்புக்குக் கைகொடுத்தவர் கார்ல் மார்க்ஸின் கடைசி மகள் எலினோர். சீர்திருத்தக்காரர்கள் செய்ததில் என் மனதுக்கு மிக நெருக்கமானது இதுதான். எழுதத் தெரிந்த ஒருத்தி, உலை முன் நின்ற ஒருவருக்கு எழுத்தைச் சொல்லிக் கொடுத்தாள்.

அந்த ஆகஸ்டிலேயே துறைமுகக் கூலிகள் எழுந்தார்கள். மணிக்கு ஆறு பென்ஸ் வேண்டும், அதுதான் முக்கியக் கோரிக்கை. ஐந்து வாரம். பட்டினியில் உடைந்துபோகும் நிலையில், ஆஸ்திரேலியத் தொழிலாளர்கள் அனுப்பிய 30,000 பவுண்டுக்கு மேற்பட்ட பணம் அவர்களைத் தாங்கிப் பிடித்தது. ஆறு பென்ஸ் கிடைத்தது.

1892இல் இந்த வெஸ்ட் ஹாம் தெற்குத் தொகுதிதான் கியர் ஹார்டியை நாடாளுமன்றத்துக்கு அனுப்பியது. பத்து வயதில் சுரங்கத்துக்குள் இறங்கிய ஸ்காட்லாந்துக்காரர். பட்டுத் தொப்பிக்காரர்கள் நடுவே சாதாரணத் துணித் தொப்பியோடு போனார். 1894 ஜூனில் வேல்ஸில் ஒரு சுரங்கம் வெடித்து 290 பேர் செத்தார்கள். அதே வாரம் அரச குடும்பத்தில் குழந்தை பிறந்தது. அவை வாழ்த்துத் தீர்மானம் போட்டது. செத்தவர்களுக்கும் ஒரு வார்த்தை சொல்லுங்கள் என்று கேட்டு ஹார்டி தனியாக எழுந்து நின்றார், கூச்சலுக்கு நடுவில். அடுத்த ஆண்டே தொகுதியை இழந்தார். இந்த இடத்தைப் படிக்கும்போதெல்லாம் எனக்குத் தொண்டை அடைக்கும்.

ஜூலை 15, செவ்வாய்

அக்கா இன்னும் மூன்று பேருடைய சம்பளச் சீட்டைப் படம் எடுத்து அனுப்பியிருக்கிறார். எல்லாவற்றிலும் அதே வரி.

ஜூலை 17, வியாழன்

தீப்பெட்டிப் பெண்கள் இரண்டு வாரத்துக்குள் ஜெயித்தார்கள். அபராதமும் பிடித்தமும் ஒழிந்தன. சாப்பிடத் தனி அறை கிடைத்தது. அதற்கு முன் வேலை மேசையிலேயே, வெள்ளைப் பாஸ்பரஸ் தூசியோடு சேர்த்தே ரொட்டியைத் தின்றார்கள். அந்த விஷம் தாடை எலும்பை அழுக வைக்கும். பிரிட்டனில் அதைத் தடை செய்யும் சட்டம் வர 1908 ஆயிற்று.

நாடாளுமன்ற உறுப்பினருக்கு 1911 வரை சம்பளம் கிடையாது. ஏழை உள்ளே போக வேண்டுமானால் யாராவது சோறு போட வேண்டும். போட்டது சங்கங்கள், சந்தா பென்ஸைச் சேர்த்து. 1900 பிப்ரவரியில் சங்கங்களும் சோஷலிஸ்டுகளும் ஃபேரிங்டன் ஸ்ட்ரீட்டில் கூடித் தொழிலாளர் பிரதிநிதித்துவக் குழுவை உண்டாக்கினார்கள். மறு ஆண்டு டாஃப் வேல் ரயில்வே வழக்கில், வேலைநிறுத்த நஷ்டத்துக்குச் சங்கமே பணம் கட்ட வேண்டும் என்று தீர்ப்பு வந்தது. 23,000 பவுண்டு. தயங்கி நின்ற சங்கங்கள் பலவும் குழுவில் சேர்ந்தன. 1906இல் 29 இடம். லேபர் கட்சி என்ற பெயரும் அந்த ஆண்டுதான். கையைப் பிடித்து எடுத்த பென்ஸுக்கு எதிராகக் கிளம்பியவர்கள், தாங்களாகவே கொடுத்த பென்ஸில் ஒரு கட்சியைக் கட்டினார்கள்.

5ஆம் தேதி போ ரோட்டில் பார்த்த ஒரு கடிகாரத்தை எழுதாமல் விட்டுவிட்டேன். மின்னி லான்ஸ்பரியின் நினைவாக வைத்தது. 1921இல் கிழக்கு லண்டனின் பாப்லர் கவுன்சில் உறுப்பினர்கள், லண்டன் கவுன்டிக்குக் கட்ட வேண்டிய வரியைக் கட்ட மாட்டோம் என்றார்கள்: எங்கள் ஊரில் வேலையில்லாதவர் அதிகம், பணக்கார ஊர்களுக்கு அந்தச் சுமை இல்லை, சுமையைப் பகிருங்கள். முப்பது பேர் சிறை போனார்கள், அதில் ஐந்து பெண்கள், மின்னியும் ஒருத்தி. மின்னியின் மாமனார் ஜார்ஜ் லான்ஸ்பரியும் உள்ளே. பிரிக்ஸ்டன் சிறைக்குள்ளேயே கவுன்சில் கூட்டம் நடத்தினார்கள். அதற்குப் பெண்களை ஹாலோவே சிறையிலிருந்து காரில் கொண்டுவந்தார்கள். ஆறு வாரத்தில் அவர்களை விட்டார்கள். பிறகு அரசு இறங்கிவந்து சுமையைப் பகிரச் சட்டம் போட்டது. 1922 புத்தாண்டு நாளில் மின்னி இறந்தாள். வயது 32.

ஜூலை 20, ஞாயிறு

மேனர் பார்க் கல்லறைத் தோட்டம். வீட்டிலிருந்து நடக்கிற தூரம்தான்.

சாரா சாப்மேன். பெசன்ட்டைப் பார்க்கப் போன பெண்களில் ஒருத்தி, வேலைநிறுத்தக் குழுவில் இருந்தவள், பிறகு அமைந்த சங்கத்தின் குழுவிலும் இருந்தவள். 1945 நவம்பரில், 83 வயதில் இறந்தாள். வேறு ஐந்து முதியவர்களோடு, அடையாளமில்லாத ஒரே குழியில் இங்கே புதைத்தார்கள். அந்த ஆண்டு ஜூலையில்தான் லேபர் கட்சி 393 இடங்களில் ஜெயித்து முதன்முறையாகத் தனிப் பெரும்பான்மையோடு ஆட்சிக்கு வந்திருந்தது. அதைப் பார்க்க அவள் இருந்தாள்.

எந்த இடம் என்று எனக்குப் பிடிபடவில்லை. வரிசை வரிசையாக நடந்து பார்த்தேன். ஒரு புல்வெளி ஓரமாக நின்று அவள் பெயரை வாய்விட்டுச் சொன்னேன்.

நான் பார்த்துக்கொள்கிற பாட்டிமாரில் பலர் இந்த வட்டாரத்து ஆலைகளில் வேலை பார்த்தவர்கள். குளிப்பாட்டும்போது கைகளைப் பார்த்தாலே தெரியும். அவர்கள் பேச்சுக்கு இனி இன்னும் கொஞ்சம் நின்று காது கொடுக்க வேண்டும்.

வாசலுக்கு வரும்போது அக்கா போன் செய்தார். சங்கத்து ஆள் வருகிறாராம், எங்கள் பக்கம் ஏழு பேர்.

“நாளைக்கு ஒன்பதரைக்கு மேனேஜரின்ட அறைக்கு முன்னால. பிந்தாதையும் பிள்ளை. உம்மட சீட்டுகள் நாலையும் கொண்டு வாரும்.”