ஜெனரல் வெல்ஷும் சின்ன மருதுவின் மகனும்

காளையார்கோவிலுக்குப் போகும்போதெல்லாம் மருது சகோதரர்களோடு, அவர்களுக்கு எதிராகப் போரிட்ட ஒரு வெள்ளைக்கார அதிகாரியும் என் நினைவுக்கு வருகிறார். 1775-இல் பிறந்து, 15 வயதிலேயே கும்பினியின் (கிழக்கிந்தியக் கம்பெனியின்) மதராஸ் படையில் சேர்ந்து, ஏறத்தாழ 40 ஆண்டுகள் களத்தில் கழித்து, பிற்காலத்தில் ஜெனரல் பதவி வரை உயர்ந்த ஜேம்ஸ் வெல்ஷ்தான் அவர். 1830-இல் லண்டனில் இரண்டு தொகுதிகளாக வெளியான அவருடைய நினைவுக் குறிப்புகள் இல்லையென்றால், மருதிருவரையும் கட்டபொம்மனின் தம்பி ஊமைத்துரையையும் நேரில் பார்த்த ஒருவரின் சாட்சியம் நமக்கு இத்தனை நெருக்கமாகக் கிடைத்திருக்காது.

இளம் அதிகாரியாக மதுரையில் இருந்த காலத்தில் வெல்ஷ் சின்ன மருதுவின் நண்பராக இருந்தார். சின்ன மருதுவின் சிறுவயல் அரண்மனையில் ஒரு காவலாளிகூட இல்லை என்பதையும், யார் வேண்டுமானாலும் உள்ளே சென்று திரும்பலாம் என்பதையும் அவர் வியப்போடு பதிவு செய்திருக்கிறார். சின்ன மருது அவருக்கு உயர்ரக அரிசியும் பழங்களும் அனுப்பி வைத்திருக்கிறார். அவற்றுள் சொரசொரப்பான தோலும் மிகுந்த இனிப்பும் கொண்ட ஒரு பெரிய ஆரஞ்சை, இந்தியாவில் வேறெங்கும் கண்டதில்லை என்று பல ஆண்டுகளுக்குப் பிறகும் அவர் மறவாமல் எழுதுகிறார். ஈட்டி எறியவும், வளைந்த எறிகருவியான வளரியை வீசவும் தமக்கு முதன்முதலில் கற்றுக்கொடுத்தவர் சின்ன மருதுவே என்கிறார். தேர்ந்தவர் கையிலிருந்து புறப்பட்ட வளரி 100 கஜத்துக்குள் குறி தவறாது என்ற அவருடைய குறிப்பு, வளரியைப் பற்றி எழுதுபவர்கள் இன்றும் எடுத்தாள்வது.

1801-இல் அதே வெல்ஷ் பாஞ்சாலங்குறிச்சிக்கு எதிரே நின்றார். வாய் பேச முடியாத ஊமைத்துரை தம் வீரர்களுக்கு ஆணையிட்ட விதத்தை அவர் எழுதியிருக்கும் பத்தியைப் படித்த நாளிலிருந்து என்னால் மறக்க முடியவில்லை. சில வைக்கோல் துண்டுகளை ஆங்கிலேயப் படையாகப் பாவித்து இடது உள்ளங்கையில் அடுக்கி, வாயால் ஓர் ஒலி எழுப்பியபடி மற்றொரு கையால் அவற்றை ஒரே வீச்சில் துடைத்தெறிந்தால், அதுவே தாக்குதலுக்கான கட்டளை. மார்ச் 31 அன்று முறியடிக்கப்பட்ட கும்பினிப் படை, மே 24 அன்று கோட்டையைப் பிடித்தது. அங்கிருந்து தப்பிய ஊமைத்துரைக்கு மருது சகோதரர்களின் சிவகங்கைச் சீமை அடைக்கலம் கொடுக்கவே, போர் காளையார்கோவில் காடுகளுக்கு நகர்ந்தது.

தம்மை உபசரித்த அந்த மனிதரைக் காட்டு விலங்கைப் போல வேட்டையாடும்படி ஆயிற்று என்று வெல்ஷே எழுதுகிறார். தொடை எலும்பு முறிந்து சிறையில் கிடந்த சின்ன மருதுவையும், பின்னர் தூக்கில் தொங்கிய அவரையும் அவருடைய அண்ணனையும் அவர் கண்டார். வருத்தம் உண்மையானதுதான் என்று நம்புகிறேன். ஆனால் அந்த வருத்தத்தால் அவருடைய கடமை ஓர் அங்குலமும் நகரவில்லை என்பதையும் சொல்லியாக வேண்டும். 1806-இல் வேலூர்ப் புரட்சிக்குப் பின், பாளையங்கோட்டையில் சதி நடப்பதாகச் சந்தேகித்து முஸ்லிம் சிப்பாய்களைக் கோட்டையிலிருந்து வெளியேற்றியவரும், 1809 பிப்ரவரியில் இரவோடிரவாக மலையேறி ஆரல்வாய்மொழி அரண்களைத் தாக்கி கும்பினியை எதிர்த்த திவான் வேலுத்தம்பியின் திருவிதாங்கூருக்குள் வழி திறந்தவரும் இவரே.

1802 பிப்ரவரியில், சின்ன மருதுவின் 15 வயது மகன் துரைசாமி உட்பட எழுபதுக்கும் மேற்பட்டோர் தூத்துக்குடியிலிருந்து பினாங்கிற்கு நாடு கடத்தப்பட்டனர். கப்பலேறும் வரை அவர்கள் வெல்ஷின் காவலில் இருந்தார்கள்.

1818-இல் வெல்ஷ் பினாங்கிற்குச் சென்றிருந்தபோது, நலிந்து தளர்ந்த ஒரு கிழவர் அவருடைய அறைக்குள் வந்து நின்றார். யாரென்று கேட்டதற்கு அவர் உடனே பதில் சொல்லவில்லை. வெல்ஷின் முகத்தையே சிறிது நேரம் பார்த்துக்கொண்டிருந்தார். சுருங்கிய கன்னத்தில் கண்ணீர் வழிந்தது. பிறகு "துரைசாமி" என்றார். நெஞ்சில் கத்தி இறங்கியதுபோல் இருந்தது என்கிறார் வெல்ஷ். அந்தக் கிழவருக்கு அப்போது வயது முப்பத்தொன்றுதான் இருக்கும்.