எடிட் டேபிளில் நாலு நொடி

அக்டோபர் 3, பெர்லின்

ஹார்ட் டிஸ்க் இன்று கைக்கு வந்தது. சின்ன எரோட்டிக் குறும்படம், இரண்டு நடிகர்கள், ஒரே அறை, இரண்டு நாள் படப்பிடிப்பு. வேறு எதையும் திறக்கும் முன் அவர்கள் கேமராவைப் பார்த்துப் பேசும் பகுதியைப் பார்த்தேன். எது சரி, எது வேண்டாம், எங்கே தொடக்கூடாது என்று படப்பிடிப்புக்கு முன்பு ஒருமுறை, முடிந்த பிறகு ஒருமுறை. தோளில் கை வைக்கலாம், தொண்டையில் மட்டும் கூடாது என்கிறார் நடிகர்களில் ஒருவர். பேச முடியாத நேரத்தில் மெத்தையில் இரண்டு தட்டு தட்டினால் உடனே நிறுத்த வேண்டும் என்பதும் அதில்தான் முடிவாகிறது.

அக்டோபர் 5

ஒன்பதாவது டேக். தொண்டையில் கூடாது என்றவரின் இடது கை மெத்தை ஓரத்தில் இரண்டு தட்டு தட்டுகிறது. கூட நடித்தவர் சட்டென்று விலகித் தண்ணீர் பாட்டிலை எடுக்கப் போகிறார். ஆனால் கேமரா இன்னும் நாலு நொடி தட்டியவர் முகத்திலேயே நிற்கிறது. ஜன்னல் வெளிச்சம், மூடிய கண்கள், மூச்சு வாங்குகிறார். மொத்த ஃபுட்டேஜிலும் இதைவிட அழகான ஷாட் இல்லை. இயக்குநர் இதைத்தான் உச்சக் காட்சியில் வைக்கச் சொல்லிக் குறித்திருக்கிறார். அதாவது, 'போதும்' என்று அவர் சொன்ன நொடியை இன்பமாகக் காட்டச் சொல்கிறார்.

அக்டோபர் 6

போனில் பேசினேன். "எல்லாவற்றுக்கும் கையெழுத்துப் போட்டிருக்கிறாரே" என்றார் இயக்குநர். கெட்டவர் இல்லை, செட்டில் எல்லாவற்றையும் ஒழுங்காகச் செய்தவர்தான். இருந்தாலும் எனக்குத் தூக்கம் வரவில்லை. 1972-இல் வந்த லாஸ்ட் டாங்கோ இன் பாரிஸ் படத்தில் நடித்தபோது மரியா ஷ்னைடருக்கு வயது 19. வன்புணர்வுக் காட்சியில் வெண்ணெயைப் பயன்படுத்தப் போவதை அவரிடம் முன்கூட்டிச் சொல்லவில்லை, நடிகையாக இல்லாமல் ஒரு பெண்ணாக அவர் எப்படி எதிர்வினை காட்டுவார் என்பதே வேண்டியிருந்தது என்று அந்தப் படத்தின் இயக்குநர் பெர்தொலூச்சி 2013-இல் ஒரு பேட்டியில் ஒப்புக்கொண்டார். அதைக் கேட்க ஷ்னைடர் உயிரோடு இல்லை, 2011-இலேயே இறந்துவிட்டார். ஆனால் அந்தக் காட்சியில் தான் அவமானப்பட்டதை அதற்கு முன்பே சொல்லிவிட்டுத்தான் போனார்.

என்னிடம் கேட்கப்படுவதும் அதே மாதிரி ஒன்றுதான், அளவு சின்னது, அவ்வளவே.

கையெழுத்து பற்றி இன்னொன்று. அமெரிக்காவின் சான் டியேகோவில் ஒரு ஆபாச இணையதளத்தின் மீது 22 பெண்கள் வழக்குப் போட்டார்கள். வீடியோ இணையத்தில் வராது, வெளிநாட்டில் டிவிடியாகத்தான் போகும் என்று சொல்லி அவர்களை நடிக்க வைத்திருந்தார்கள். 22 பேரும் கையெழுத்துப் போட்டவர்கள்தான். 2020 ஜனவரியில் நீதிபதி அந்த ஒப்பந்தங்கள் செல்லாது என்று சொல்லி 1.2 கோடி டாலருக்கு மேல் இழப்பீடு கொடுக்கச் சொன்னார்.

அக்டோபர் 8

2018-இல் அமெரிக்கத் தொலைக்காட்சி நிறுவனமான எச்பிஓ, தன் தொடர்களின் நெருக்கமான காட்சிகளுக்கெல்லாம் இன்டிமசி கோஆர்டினேட்டர், அதாவது நடிகர்களின் சம்மதத்தையும் பாதுகாப்பையும் பார்த்துக்கொள்பவர், இருக்க வேண்டும் என்று முடிவெடுத்தது. நல்ல விஷயம். எங்கள் படத்துக்கும் ஒருவரை வைத்திருந்தார்கள், படப்பிடிப்பு முடிந்ததும் அவர் வேலையும் முடிந்தது. எடிட் அறையில் நானும் ஒரு மானிட்டரும்தான், யாருடைய முகத்தை எங்கே ஒட்டினாலும் கேட்க ஆள் இல்லை.

இயக்குநரிடம் திரும்பப் பேசி, தட்டிய நடிகரையே வரவழைத்துக் காட்டலாம் என்றேன். கொஞ்சம் யோசித்துவிட்டுச் சரி என்றார்.

அக்டோபர் 10

வந்தார். ஸ்வெட்டர் கையை விரல்வரை இழுத்துவிட்டுக்கொண்டு மூன்று முறை பார்த்தார். கெண்டைக்கால் பிடித்துக்கொண்டதாம், வேறொன்றும் இல்லை. "ஆனால் அது வலியில் இருக்கிற என் முகம், இன்பம் என்று போடாதீர்கள்" என்றார். அப்போ எடுத்துவிடலாமா என்று கேட்டேன். வேண்டாம், முழுசாக வையுங்கள் என்றார். இயக்குநர் கொஞ்ச நேரம் பேசவில்லை, அப்புறம் நாற்காலியை என் பக்கம் இழுத்துப் போட்டுக்கொண்டார்.

இப்போது டேக் வெட்டாமல் இருக்கிறது. தட்டு, விலகல், அந்த முகம், தண்ணீர் பாட்டில், அவர் காலை நீவிவிட்டுக்கொள்வது. பாட்டில் மூடி தரையில் விழும் சத்தம் மட்டும் அதிகமாக இருக்கிறது, நாளைக்குக் குறைக்க வேண்டும்.