மக்கி ரொட்டியில் கோதுமை

மகளுக்கு சீலியாக் (குளுட்டன் என்ற தானியப் புரதம் குடலைப் பாதிக்கும் நோய்) என்று உறுதியானபோது, கோதுமை, பார்லி, ரை ஆகிய மூன்று தானியங்களும் கூடாது என்றார் மருத்துவர். இட்லி தோசை வீடுதானே, சமாளிக்கலாம் என்று நினைத்தேன். ஆனால் பிள்ளை சப்பாத்திக்கு ஏங்கிப் போனாள். மக்காச்சோளத்தில் குளுட்டன் இல்லை, அந்த மாவில் தட்டும் மக்கி ரொட்டி கொடுத்துப் பார் என்றார் பக்கத்து வீட்டுப் பஞ்சாபி ஆன்ட்டி.

சிங்கப்பூர் லிட்டில் இந்தியாவில் இருக்கும் தேக்கா சந்தைக்குப் போய் 'கார்ன் ஃப்ளவர்' வாங்கி வந்தேன். வீண் அலைச்சல். அது சூப் கெட்டியாவதற்குப் போடும் வெள்ளை ஸ்டார்ச். நீங்கள் கேட்க வேண்டியது 'மக்கி ஆட்டா'. மஞ்சளாக, விரலில் நறநறவென்று இருக்கும்.

அப்புறம்தான் பெரிய தப்பு நடந்தது. ஒரு சாப்பாட்டுக் கடையில் மக்கி ரொட்டி பார்த்து, "தம்பி, கோதுமை கலக்குறீங்களா?" என்று இரண்டு முறை கேட்டேன். "முழுக்கச் சோளம்தான்கா." ஒன்றரை ரொட்டி சாப்பிட்டாள். அன்று இரவு முழுக்க வயிற்றைப் பிடித்துக்கொண்டு சுருண்டு கிடந்தாள். மறுநாள் கடைக்குப் போன் போட்டு, சமையல்காரரிடமே பேசினேன். "கொஞ்சம் கோதுமை ஆட்டா சேர்த்தாதான்மா வெடிக்காம தட்ட வரும்" என்றார். அவரைத் திட்ட எனக்கு மனம் வரவில்லை. குளுட்டன் இல்லாத மாவு இழுபடாது, ஓரமெல்லாம் வெடிக்கும். அதற்காகப் பல இடங்களில் கோதுமை சேர்ப்பது வழக்கம்தான். கேட்டவுடன் அந்தத் தம்பி தெரியாமல் 'இல்லை' என்று சொன்னதுதான் இன்னும் ஆறவில்லை. பரிமாறுபவரிடம் கேட்காதீர்கள், பிசைபவரிடம் கேளுங்கள்.

மக்காச்சோளத்தை மில்லில் கொடுத்து அரைக்கலாம் என்றும் போனேன். இயந்திரத்தின் வாயில் முந்தைய ஆளின் கோதுமை மாவு வெள்ளையாகப் படிந்திருந்தது. துடைத்தால் போகாது. கிலோவுக்கு 20 மில்லிகிராம் குளுட்டன்தான் 'குளுட்டன் இல்லாதது' என்பதற்கு உச்ச வரம்பு. சோளத்தை அப்படியே திருப்பி எடுத்து வந்துவிட்டேன்.

இன்னும் இரண்டு: சோளச் சுண்டல் தாளிக்கும் கூட்டுப் பெருங்காயத்தில் பெரும்பாலும் கோதுமை மாவு இருக்கும். கார்ன்ஃப்ளேக்ஸ் பலவற்றில் பார்லி மால்ட். பொட்டலத்தின் பின்பக்கத்தைப் படிக்காமல் வாங்காதீர்கள்.

இப்போது 'குளுட்டன் இல்லாதது' என்று அச்சிட்ட மக்கி ஆட்டாதான். கொதிக்கிற தண்ணீர் விட்டுக் கரண்டியால் கிளறி, பத்து நிமிடம் மூடி வைத்து, சூடு பொறுக்கும்போது பிசைவேன். வாழையிலையில் எண்ணெய் தடவித் தட்டி, இலையோடு தனிக் கல்லில் கவிழ்த்து, பிறகு இலையை உரிப்பேன். நான்காம் நாள்தான் ஒன்று உடையாமல் வந்தது. நெய் தடவிக் கொடுத்தேன். மூன்று சாப்பிட்டாள், ராத்திரி நிம்மதியாகத் தூங்கினாள்.