கன்னிங்ஹாமின் நடனத்தை இன்னொரு உடலுக்கு ஏற்றுவது

மேடையிலிருந்து இறங்கிய நவீன நடனக் கலைஞருக்குக் கிடைக்கும் வேலைகளில் பொறுப்பு மிகுந்தது, குருவின் படைப்பை அடுத்த தலைமுறைக்குச் சொல்லிக்கொடுப்பது. அதற்கு முதலில் உரிமை யாரிடம் இருக்கிறது என்பது தெளிவாக வேண்டும். அமெரிக்க நவீன நடனத்தின் முன்னோடி மார்த்தா கிரஹாம் 1991-இல் இறந்தபின் அந்தக் கேள்வி நீதிமன்றம் வரை போனது. 2002 தீர்ப்பில் 70 நடனங்களில் 45 அவருடைய மையத்துக்குச் சொந்தமாயின. உயிலின் வாரிசுக்கு ஒன்றே ஒன்றுதான் கிடைத்தது.

கிரஹாமின் குழுவில் ஆடி, பின் தனிக் குழு நடத்திய நடன அமைப்பாளர் மெர்ஸ் கன்னிங்ஹாம், தன் நடனங்களின் உரிமைக்காக 2000-லேயே அறக்கட்டளை அமைத்துவிட்டார். 2009 ஜூலையில் அவர் காலமான பின், முன்பே அறிவித்திருந்த திட்டப்படி குழு இரண்டு ஆண்டு சுற்றுப்பயணம் செய்து, 2011 டிசம்பர் 31 அன்று நியூயார்க்கில் கலைந்தது. குருவின் பெயரால் குழுவை இழுத்துக்கொண்டே போவதைவிட இது நேர்மையானது என்றே தோன்றுகிறது. 80-க்கும் மேற்பட்ட நடனங்களுக்கு வீடியோ, ஒலி, ஒளி வரைபடம், உடை வடிவம், கைக்குறிப்பு எல்லாம் தனித்தனித் தொகுப்பாகச் சேர்க்கப்பட்டன.

தொகுப்பு கையில் இருந்தால் போதும் என்று நினைப்பவர்கள் முதல் வாரத்திலேயே மாட்டிக்கொள்வார்கள். பல கேமராவில் எடுத்து வெட்டி ஒட்டிய படம் பார்க்க அழகு. ஆனால் சட்டகத்துக்கு வெளியே இருக்கும் நான்கு பேர் என்ன செய்கிறார்கள் என்று அதில் தெரியாது. மேடை முழுவதும் தெரியும் ஒரே கோணப் பதிவுதான் வேலைக்கு ஆகும். முன்பக்கப் பதிவைப் பார்த்துக் கற்றால் இடம் வலமாகிவிடும். திரையில் படத்தை இடவலமாகத் திருப்பிப் போட்டுக்கொள்வது நல்லது. ஒரே பதிவை நம்பினால் அன்று இரவு ஒருவர் கால் தவறியதும் நடனத்தின் பகுதியாகிவிடும். இரண்டு மூன்று ஆண்டுகளின் பதிவுகளைக் கன்னிங்ஹாமின் குச்சி உருவக் குறிப்புகளோடு ஒப்பிட்டால்தான் எது அவருடையது, எது ஆடியவரின் பழக்கம் என்று பிரிக்க முடியும்.

அசைவுக்கு முன் உடல். நிமிர்வு, வளைவு, பின்வளைவு, முறுக்கு, சாய்வு என்று முதுகெலும்புக்கு ஐந்து நிலைகள். அதன் கீழே கால் தன் போக்கில் வேலை செய்ய வேண்டும். பாலேவிலிருந்து வருபவர்கள் சாய்வை இடுப்பில் மடித்துச் சமாளிப்பார்கள். தினமும் நுட்ப வகுப்பு நடத்தாமல் அசைவுகளை மட்டும் கொடுத்தால் நடனத்தின் எலும்பே போய்விடும்.

கன்னிங்ஹாமின் நடனமும் இசையும் தனித்தனியாக உருவானவை என்பதால் இசையையும் நம்ப முடியாது. ஒத்திகை மௌனத்தில்தான், இசை அனேகமாக முதல் காட்சியன்றுதான் வந்து சேரும். அதனால் ஒவ்வொரு பகுதியையும் ஸ்டாப்வாட்ச்சில் அளக்க வேண்டும். களைப்பில் வேகம் கூடும், தயக்கத்தில் குறையும். சில நொடி பிசகினால் அடுத்து உள்ளே வருபவர் நடுவில் மோதிக்கொள்வார்.

அவருடைய ‘ரெயின்ஃபாரஸ்ட்’ (1968) நடனத்தை எடுத்தால், மேடையில் மிதக்கும் ஓவியர் ஆண்டி வார்ஹோலின் வெள்ளி நிறத் தலையணை பலூன்கள் தனித் தலைவலி. அடைத்த ஹீலியம் மெதுவாகக் கசியும். ஏசி காற்று ஒரு மூலைக்குத் தள்ளும். அரங்க ஏசி ஓடும்போதே சோதித்துப் பார்த்து, காட்சிக்குக் காட்சி மறுபடி நிரப்ப வேண்டும். ஆடுபவர்கள் தலையணையை விலக்கப் பார்க்காமல் அதனூடே ஆடப் பழக வேண்டும். எந்தப் பதிவிலிருந்து எந்த அசைவு எடுக்கப்பட்டது, எங்கே மாற்றம் செய்யப்பட்டது என்பதைத் தேதியிட்டு எழுதித் தொகுப்போடு சேர்த்துவிட வேண்டும்; இல்லாவிட்டால் அடுத்து வருபவர் மறுபடி முதலிலிருந்து தொடங்க வேண்டியிருக்கும்.