விசிறிச் சத்தத்தை என்ன செய்வது: ஒரு வீட்டுக் குறும்படம், இதுவரை

திருவல்லிக்கேணியில் பெரியம்மா வீட்டை இடித்து அடுக்ககம் கட்டப்போகிறார்கள். முற்றமும், மரச்சட்டங்களின் மேல் செங்கல் அடுக்கிய மெட்ராஸ் டெரஸ் கூரையும் உள்ள பழைய வீடு. அங்கே அன்றாடம் நடப்பதை வைத்தே குறும்படம் எடுத்துக்கொண்டிருக்கிறேன். கதை கிடையாது. பால் பொங்குகிறது, துணி காய்கிறது, நடுவே பெரியம்மா ஏதோ சொல்கிறார்.

கைப்பேசியில்தான் எடுக்கிறேன். வினாடிக்கு 25 பிரேம்; ஷட்டர், அதாவது ஒவ்வொரு பிரேமும் ஒளி வாங்கும் நேரம், 1/50 வினாடி. நம் ஊர் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். குழல்விளக்கு வினாடிக்கு 100 முறை மினுங்கும். ஷட்டர் அதோடு ஒத்துப்போகாவிட்டால் காட்சியில் பட்டை பட்டையாக ஓடும். இதெல்லாம் ஒருமுறை சரிசெய்தால் போதும்.

ஒலிதான் பாடாய்ப் படுத்துகிறது. குரல் தெளிவாக விழ மின்விசிறியை நிறுத்தினேன். "மே மாதத்தில் விசிறியை நிறுத்திவிட்டு எவனாவது இந்தக் கூடத்தில் உட்காருவானா?" என்றார் பெரியம்மா. முந்தானையால் விசிறிக்கொண்டே, சாட்சி சொல்பவர்போல இரண்டு வரியில் முடித்துக்கொண்டார். பதிவைக் கேட்டால் குரல் சுத்தம். ஆனால் அந்த வீடு அதில் இல்லை. எனவே விசிறியை மட்டும் தனியாகச் சில நிமிடங்கள் பதிந்தேன். சுற்றுக்கு ஒருமுறை 'டக்' என்னும் அதன் முனகலைக் குரலுக்கு அடியில் மெல்லிதாகப் பரப்பியதும் கூடம் திரும்பிவந்தது. வெற்றுச் சுவர்களின் எதிரொலிக்கு மருந்து, கேமராவுக்குப் பின்னால் கொடியில் தொங்கவிட்ட பவானி ஜமக்காளம்.

பழைய நினைவு என்றாலே படத்தைப் பழுப்பாக்கி வீணையை மீட்டிவிடும் வழக்கம் எனக்கு ஆகாது. கொல்லைப்புறத்து அம்மியில் பெரியம்மாவைத் துவையல் அரைக்கச் சொல்லி ஒலியை மட்டும் எடுத்தேன். திரையில் மிக்சி ஓடும். காதில் அம்மி அரைபடும். இதுவரை எடுத்தவற்றில் எனக்குத் திருப்தி தந்த இடம் இதுதான். துவையலும் நன்றாக இருந்தது.

முற்றத்துக் காட்சி மட்டும் பாக்கி. ஏப்ரல் 24, ஆகஸ்ட் 18 ஆகிய நாட்களை ஒட்டிச் சென்னையில் நண்பகல் சூரியன் தலைக்கு நேர் மேலே வரும். நட்ட கம்புக்குக்கூட நிழல் விழாது. வெயில் முற்றத்துக்குள் செங்குத்தாக இறங்கும் அந்தச் சில நிமிடங்கள் எனக்கு வேண்டும். ஏப்ரலில் மேகம் மூடிக்கொண்டது. ஆகஸ்ட் வரை வீட்டில் கைவைக்க வேண்டாம் என்று கட்டுமானக்காரரிடம் பெரியம்மாவே பேசியிருக்கிறார்.