மஞ்சள் அட்டையே வாங்காத மனுசன்

நேற்று பின்னேரம் வெபர் மைதானத்தில் பொடியன்களின் உதைபந்தாட்டம் பார்த்துவிட்டு மாமாவோடு பிளேன்டீ குடித்துக்கொண்டிருந்தபோது இங்கிலாந்தின் முன்னாள் உதைபந்தாட்ட வீரர் கேரி லினேக்கர் பேச்சு வந்தது. மாமாவுக்கு அவர் 1986 உலகக் கிண்ணத்தில் 6 கோல் அடித்துத் தங்கப் பாதணி வாங்கிய ஆள், எனக்கோ வெறும் ரீவிக்காரர். "மருமகன், அந்தாள் விளையாடின காலம் முழுக்க ஒரு மஞ்சள் அட்டைகூட வாங்கல்ல" என்றார், ஏதோ தானே நடுவராக நின்ற மாதிரி.

சரி, 1999இல் பிபிசியின் உதைபந்தாட்ட நிகழ்ச்சியான 'மெச் ஒஃப் த டே'யின் தொகுப்பாளரானவர் 2025 மே வரை விடவில்லை. சொந்த ஊர்க் கழகமான லெஸ்டர் பிரீமியர் லீக்கை வென்றால் உள்ளாடையோடு நிகழ்ச்சி நடத்துவேன் என்று சும்மா வாயை விட்டார், அவர்கள் வென்றே விட்டார்கள், 2016 ஆகஸ்டில் வெள்ளைப் பொக்சரோடு வந்து நிகழ்ச்சியை நடத்தினார் (நானென்றால் லீவு போட்டிருப்பேன்).

2023 மார்ச்சில் பிரித்தானிய அரசின் அகதிக் கொள்கையைக் கண்டித்து எழுதியதற்கு பிபிசி அவரை நிறுத்திவைக்க, நிகழ்ச்சியில் அவரோடு ஆட்டங்களை அலசும் இயன் ரைட்டும் ஷியரரும் நாங்களும் வரமாட்டோம் என்றார்கள். அந்தச் சனிக்கிழமை நிகழ்ச்சி வர்ணனையே இல்லாமல் சுமார் 20 நிமிடத்தில் முடிந்தது.

மாமா கோப்பையைக் கீழே வைத்தார். "அப்ப கொமென்ற்றி இல்லாமலா மெச் பார்த்தவங்கள்?"